அகர வரிசையில் எழும்பிய ஏரி

மனித குலம் கண்டுபிடித்தவற்றுள் தலையாயது நெருப்பு என்பார்கள், சக்கரம் என்பார்கள். விவரம் தெரியாதவர்கள். தலையாயது, மூன்று பிரதிகளோடு கொடுக்கப்படும் மனு. மந்திரம் அரசுடைமை ஆகி, வேப்பிலையும் கையுமாகத் திரிந்த தனியார் மந்திரவாதிகள் எல்லாம் ஒழிந்த பிறகு, 'அற்புதங்கள் துறை'யின் பழவேற்காடு உட்கோட்டத்தில் பத்தொன்பது ஆண்டுகளாகத் தலைமை எழுத்தராக இருக்கும் நான் சொல்கிறேன். எங்கள் துறையின் பெருமைக்குத் தோணிரேவு சம்பவம் ஒன்றே போதும்.

தோணிரேவு மீனவர்களிடம் 'பாடு' என்றொரு வழக்கம் உண்டு. ஏரியில் இறால் நன்றாகக் கிடைக்கும் இடத்தில் ஒரு நாளைக்கு ஒரு குடும்பம்தான் கழி ஊன்றி வலை கட்டும். மறுநாள் அடுத்த குடும்பம். யாருக்கு எந்த நாள் என்பதைச் சீட்டுப் போட்டு முடிவு செய்துகொள்வார்கள். கோப்பு இல்லை, பதிவேடு இல்லை, சண்டையும் இல்லை. இப்படி ஓர் அவலம் தம் ஆளுகையிலேயே நடப்பதை அறிந்து எங்கள் கோட்ட அலுவலர் தெய்வசிகாமணி அவர்கள் பதறிப்போனார். உடனே 'முறை சீர்திருத்த ஆணை' பிறந்தது. இனிமேல் பாடு அகர வரிசைப்படி நடக்கும்.

அதன்படி திங்கட்கிழமை காலை, சீட்டில் முத்துராஜ் என்ற மீனவருக்குப் பாடு விழுந்திருந்த இடத்தில், பெயர் 'அ'வில் தொடங்கிய ஒரே காரணத்துக்காக அர்ஜுனன் படகைக் கொண்டுபோய் நிறுத்தினார். போக மாட்டேன் என்றுதான் சொன்னார். நாங்கள்தான் ஆணையைக் காட்டி ஏற்றிவிட்டோம். அவர் முதல் கழியை ஊன்றினாரோ இல்லையோ, அந்த இடத்துத் தண்ணீர் ஒரு கல்யாண மண்டபம் அளவுக்கு அப்படியே பெயர்ந்து மேலே எழும்பியது. செல்போன் கோபுர உயரத்துக்குப் போய் நின்றது. மீன், நண்டு, படகு, அர்ஜுனன் எல்லாம் மேலே. கீழே வெறும் சேறு. சுற்றியிருந்த தண்ணீர்கூட அந்தப் பள்ளத்துக்குள் எட்டிப் பார்க்கவில்லை.

ஒரு மணி நேரத்தில் அவர் மனைவி எல்லம்மா எங்கள் அலுவலகத்துக்கு வந்துவிட்டார்.

"சார், எங்க ஊட்டுக்காரு மேல மாட்டிகினு கீறாரு. எறக்குற மந்திரம் உங்ககிட்டதான் கீதாம். சொல்லி எறக்குங்க சார்."

"அதுக்குப் படிவம் ஏழு கொடுக்கணும்மா," என்றேன். "சம்பந்தப்பட்டவரே நேர்ல வந்து கைரேகை வைக்கணும்."

"நேர்ல வர முடிஞ்சா எனக்கு இன்னாத்துக்கு சார் மந்திரம்?"

படிவம் ஏழைப் பற்றி இவ்வளவு கூர்மையான கேள்வியை என் பணிக்காலத்தில் யாரும் கேட்டதில்லை. அதற்கென்றே புதிதாக ஒரு கோப்பு திறந்தேன்.

செவ்வாய்க்கிழமை ஆய்வுக் கூட்டம். தண்ணீர் தரையில் இருந்தால்தான் தங்களுடையது என்றது நீர்ப் பிரிவு. ஈரமான எதையும் தொடுவதில்லை என்றது காற்றுப் பிரிவு. நான்கு மணி நேரம் அனல் பறந்த விவாதத்துக்குப் பிறகு ஒருமனதாகத் தீர்மானம் நிறைவேறியது. தண்ணீர் நீர்ப் பிரிவுக்கு, உயரம் காற்றுப் பிரிவுக்கு. அர்ஜுனனைத் தங்கள் பங்கு என்று எந்தப் பிரிவும் கேட்கவில்லை. அந்த நேரம் பார்த்துக் கதவைத் தள்ளிக்கொண்டு எல்லம்மா உள்ளே வந்தார்.

"போன்ல பேசுனாரு சார். எடுத்துகினு போன பாட்டில் தண்ணி தீந்துபூட்ச்சாம். நாக்கு ஒட்டிக்குதுன்றாரு."

"சுத்திலும் தண்ணிதானேம்மா?" என்று தெய்வசிகாமணி அவர்கள் கனிவோடு கேட்டார்.

"அது உப்பு சார்."

'மேற்படி நபருக்கு நீர் வசதி போதிய அளவு உள்ளது. சுவை குறித்து மட்டும் ஆட்சேபம்' என்று நடவடிக்கைக் குறிப்பில் எழுதினேன். எல்லம்மா நான் எழுதி முடிக்கும் வரை பார்த்துக்கொண்டே நின்றார்.

"உங்களுக்கெல்லாம் ஊட்டுல யாருமே இல்லியா சார்?" என்றார்.

கூட்டப் பொருளுக்குத் தொடர்பில்லாத வினா என்பதால் அதைப் பதிவு செய்யவில்லை.

புதன்கிழமை காலை அர்ஜுனனின் போன் அணைந்துபோனது. மேலே படகுக்குள் அவர் படுத்துக் கிடப்பதாகச் செல்போன் கோபுரத்தில் ஏறிப் பார்த்தவர்கள் சொன்னார்கள். நாங்களும் சும்மா இருக்கவில்லை. 'படுத்திருப்பவரை இறக்கலாமா' என்று தெளிவுரை கேட்டுத் தலைமையகத்துக்கு அவசரக் கடிதம் அனுப்பினோம். எல்லம்மாவோ பதிலுக்குக் காத்திருக்கும் பண்பில்லாமல் முத்துராஜிடம் போய்விட்டார். துறை சார்பில் வேடிக்கை பார்க்க நானும் பின்னாலேயே போனேன்.

"அண்ணே, அன்னிக்கு உன் பாடு. உன்ன வுட்டுட்டு இவர ஏத்துனாங்கோ, ஏரி கோச்சிகினு எழுந்துகிச்சு. உன் பாடு இன்னும் நடக்கவே இல்ல. நீ வந்து கழி ஊணு அண்ணே."

"ஆர்டர் போட்டு வச்சிகீறாங்களே எல்லம்மா. கேஸ் போடுவாங்கோ."

"போட்டுக்கட்டும். எனக்கு அவரு உசுரு வேணும்."

முத்துராஜ் கழியைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தார். அகர வரிசையில் 'மு' வருவதற்கு இன்னும் பதினேழு நாள் இருக்கிறது என்று நான் எச்சரித்தேன். அவர் காதில் வாங்கவில்லை. சேற்றில் இறங்கிக் கழியை ஊன்றினார், கரையேறித் தள்ளி நின்றார், அண்ணாந்து பார்த்தார்.

"எம் பாடு. எறங்கு," என்றார்.

ஏரி இறங்கியது. கைக்குழந்தையைத் தொட்டிலில் விடுவது போல, படகைக்கூட அசைக்காமல் வந்து அமர்ந்தது. படிவம் இல்லை, கையொப்பம் இல்லை. எனக்கு உடம்பெல்லாம் கூசிப்போனது.

அர்ஜுனனைத் தூக்கிவந்து கரையில் கிடத்தினார்கள். எல்லம்மா அவர் தலையை மடியில் வைத்துச் சொம்பிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீர் ஊற்றினார். பாதி வெளியே வழிந்தது. நெடுநேரம் கழித்து அவர் கண் திறந்து முத்துராஜைத் தேடினார்.

"அண்ணே, உன் பாட்டுல நா ஒரு எறாலக்கூட தொடல," என்றார்.

முத்துராஜ் முகத்தைத் திருப்பித் துண்டால் துடைத்துக்கொண்டார். எல்லம்மா நிமிர்ந்து என்னைப் பார்த்தார்.

"அந்த எறக்குற மந்திரம் எவ்ளோ பெருசு சார்?"

துறையின் நுட்பங்களைப் பாமர மக்களுக்கு விளக்கும் வாய்ப்பை நான் விடுவதே இல்லை. "நாலே எழுத்துதாம்மா," என்றேன்.

"யாருக்கெல்லாம் தெரியும்?"

"ஆபீஸ்ல பதினாலு பேருக்கும் தெரியும். வேலைல சேர்ற அன்னிக்கே மனப்பாடம் பண்ண வச்சிடுவாங்க."

எல்லம்மா சொம்பை மறுபடி அர்ஜுனன் வாயில் வைத்தார். நீங்களே எண்ணிப் பாருங்கள். மூன்று நாள், பதினாலு வாய். ஒரு மனிதன் எங்கள் தலைக்கு மேலே நாக்கு வறண்டு கிடக்க, அந்த நாலு எழுத்து ஒரு வாயிலிருந்தும் தவறிக்கூட வெளியே வரவில்லை. இத்தனை கட்டுப்பாடான ஊழியர்கள் வேறெந்தத் துறையில் இருக்கிறார்கள், சொல்லுங்கள்.