எருமைக்குப் பூசிய அத்தர்

கல்யாண வீடியோ எடுக்கிறவனுக்கு உலகமே கல்யாண வீடாகத்தான் தெரியும். எனக்கு எருமைப் பட்டியும் அப்படித்தான் தெரிந்தது, என்ன செய்ய?

கிண்ணியாவில் எங்கள் பகுதித் தயிர்க்காரர் சங்கத்தின் தலைவர் ஹனிபா மாமா. அவருடைய மகள் றிஸானாவை எனக்குப் பெண் கேட்டு உம்மா போயிருந்தா. மாமா பிடி கொடுக்கவில்லை.

"எங்கட தயிருக்கு ஒரு விளம்பரப் படம் எடுக்கட்டும். மகன்ட வேலையைப் பார்ப்பம்" என்றாராம்.

சங்கத்துக்கு அதுதான் முதல் படம். எனக்கோ வாழ்க்கைப் பிரச்சினை. (அதுவரை நான் எருமையைப் பார்த்ததெல்லாம் பஸ் ஜன்னலால்தான்.)

விடியவே அவர் வீட்டுப் பின்பக்கப் பட்டிக்குப் போனேன். மாமா சாணம் பட்ட பழைய சேர்ட்டோடு கறக்கத் தயாராக நின்றார். பெரிய டைரக்டர் அல்லவா நான், விடுவேனா?

"மாமா, கொழும்புச் சனம் பார்க்கிற படம். வெள்ளைச் சேர்ட் போடுங்க."

"மாட்டுக்கு இதெல்லாம் சரிவராது மகன்."

கெஞ்சிப் போடவைத்தேன். பழையது வேலிக்குப் போனது. மாப்பிள்ளைமாருக்குச் செய்கிற பழக்கத்தில், பையிலிருந்த அத்தரையும் அவர் கழுத்தில் தாராளமாகப் பூசிவிட்டேன்.

மாமா வாளியோடு கிட்டப் போனார். எருமை மூக்கை நீட்டி மோந்து பார்த்தது. அதற்குத் தெரிந்த மனிசர் சாணம் மணக்கிறவர். இது யாரோ புதுமாப்பிள்ளை! விட்டது ஓர் உதை. வாளி ஒரு பக்கம், மாமா சேற்றில். எருமை குளத்துக்கு ஓட, பட்டியே பின்னால் ஓடியது.

அவற்றோடு என் கல்யாணமும் ஓடுவதைக் கமெராவுக்குள்ளால் பார்த்துக்கொண்டு நின்றேன். உண்மையாகவே அழுகை வந்தது.

அப்போது வேலிக்கு அங்காலிருந்து அந்தப் பழைய சேர்ட் பறந்து வந்து விழுந்தது.

"கழுத்தைக் கழுவிப்போட்டு இதைப் போடுங்க வாப்பா. படமெடுக்கிறவரைத் தள்ளி நிக்கச் சொல்லுங்க, அவரும் மணக்கிறார்."

றிஸானாவின் குரலை நான் கேட்டது அதுதான் முதல்தரம். மாமா சேர்ட்டை மாற்றிக் குளக்கரையில் நின்று கூப்பிட்டார். எருமைகள் ஒன்றும் நடக்காததுபோல் திரும்பி வந்து பால் கொடுத்தன.

அந்த உதையைப் படத்திலிருந்து வெட்டிவிடலாம் என்றேன்.

"வெட்டினா பொண்ணில்ல!" என்றார் மாமா. "எங்கட எருமை கண்டவனுக்கும் பால் குடுக்காது எண்டு சனம் பார்க்கட்டும்."

சங்கக் கூட்டத்தில் அந்த இடத்தை மூன்று தடவை போடச் சொன்னார்கள். எனக்குப் பெண்ணும் கிடைத்தது.

நிக்காஹ் அன்று கூட்டாளி என் கழுத்துக்கு அத்தரைக் கொண்டுவர, மாமா அவன் கையைப் பிடித்துவிட்டார். "வேணாம் மகன். பிறகு எங்கட பிள்ளைக்கு ஆளைத் தெரியாமப் போயிரும்."

இன்றும் பெருநாளைக்கு வீட்டில் எல்லோருக்கும் அத்தர் பூசுவார்கள். என்னிடம் வரும்போது மட்டும் என் மூன்று வயது மகள் போத்தலை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொள்வாள்: "வாப்பாக்குப் பூச ஏலா. எருமை உதைக்கும்."