போனுக்கு வைத்த பொட்டு

இதை எழுதலாமா வேண்டாமா என்று பல வருஷம் தயங்கிக்கொண்டிருந்தேன். என் மானம் போய்விடும் என்பதால் அல்ல; அது தில்லை நகரில் ஒரு வெள்ளிக்கிழமை காலையிலேயே போய்விட்டது. படிக்கிறவர்கள் பெருமாளைக் கேலி செய்துவிடுவார்களோ என்றுதான் பயம். யோசித்துப் பார்த்தால், அன்றைக்கு நடந்ததில் பெருமாளுக்குப் பங்கே இல்லை. எல்லாம் என் கைவேலை.

நான் ஸ்ரீரங்கத்துக்காரன். பத்தாம் வகுப்பு, அதற்கு மேல் ஐ.டி.ஐ.யில் ஒயர்மேன் படிப்பு. நடத்திவந்த மிக்சி ரிப்பேர் கடை படுத்துவிட்டபோது, என் மனைவி ரங்கநாயகி தன் அண்ணனிடம் கெஞ்சி எனக்கு வேலை கேட்டாள். மச்சான் சேகர், ஆபீஸ்களுக்கு டெலிபோன் வசதி செய்து தருகிறவர்.

"மாப்ள, ஒரே ஒரு எடத்த தனியா செஞ்சு காட்டுங்க. நல்லா வந்தா வேலை நிரந்தரம். சொதப்பிட்டீங்கன்னா தங்கச்சிகிட்ட நீங்களே சொல்லிக்குங்க," என்றார். (முதல் இரண்டு வாக்கியங்களுக்கு நான் பயப்படவில்லை.)

அந்த ஒரு இடம், தில்லை நகரில் புதிதாகத் திறக்கவிருந்த காது மூக்கு தொண்டை மருத்துவமனை. மேசைக்கு ஒரு போன், மொத்தம் இருபது சொச்சம். இப்போதைய ஆபீஸ் போன்கள் பழைய கறுப்புப் போன் மாதிரி இல்லை. ஒவ்வொன்றின் முதுகிலும் நீளமாக ஓர் அடையாள எண் இருக்கும். இந்த எண்ணுள்ள போன் டாக்டருக்கு, இது மருந்தகத்துக்கு என்று கம்ப்யூட்டரில் பதிந்துவிட்டால் போதும். ஒயரைச் செருகியதும் அதுவே அந்தக் கம்ப்யூட்டரை, அதாவது சர்வரைக் கேட்டு, தன் பேர், நம்பர் எல்லாம் தெரிந்துகொண்டு விழித்துக்கொள்ளும். டாக்டர் மேசையில் இல்லாவிட்டால் அதே அழைப்பு அவர் செல்போனுக்கும் போகும். வியாழக்கிழமை மாலை எல்லாவற்றையும் மாட்டி, ஒவ்வொன்றிலிருந்தும் பேசிப் பார்த்தேன். மணி மணியாகப் பேசின. அத்தோடு வீட்டுக்குப் போய்ப் படுத்திருக்கலாம்.

மறுநாள் திறப்பு விழா. புது வண்டி வாங்கினால் பொட்டு வைக்கிறோம், புது பீரோவுக்கு வைக்கிறோம். என் பிழைப்பையே சுமக்கும் போன்களுக்கு வைக்காமல் விடுவேனா? விடிந்ததும் குளித்து, கோபுரத்தைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டு, வீட்டுக் கல்லில் சந்தனக் கட்டையைக் கெட்டியாக இழைத்துக் கிண்ணத்தில் எடுத்துக்கொண்டு போனேன்.

போனில் எங்கே பொட்டு வைப்பது? எங்கே வைத்தாலும் வழுக்குகிற பிளாஸ்டிக். ஆனால் ரிசீவரின் கீழ் முனையில் சின்னதாக ஒரு குழி இருந்தது. போனின் உடம்பிலும், பட்டன்களுக்குக் கீழே, அதே மாதிரி இன்னொரு குழி. பொட்டு வைக்கவென்றே கம்பெனிக்காரன் செய்து அனுப்பியதுபோல அத்தனை கச்சிதம். நம்ம பழக்கம் தெரிந்த ஆள்தான் செய்திருக்க வேண்டும் என்று நெகிழ்ந்துபோனேன். குழி பார்த்துச் சந்தனம், அதன் மேல் குங்குமம். இருபது சொச்சம் போன்களும் கல்யாணப் பெண்கள் மாதிரி உட்கார்ந்திருந்தன. "பெருமாளே, இந்தப் போனைப் பத்தி யாரும் ஒரு வார்த்தை குறை சொல்லக்கூடாது" என்று கண்ணை மூடி வேண்டிக்கொண்டேன்.

ரிப்பன் வெட்டியானதும், டாக்டர் அம்மா தன் அறையிலிருந்து வரவேற்பில் இருந்த சகாயமேரியைக் கூப்பிட்டார். மணி அடித்தது. மேரி எடுத்தாள்.

"ஹலோ, சொல்லுங்க டாக்டர்."

"ஹலோ."

"டாக்டர், லைன்ல இருக்கீங்களா?"

"ஹலோ, மேரி?"

நடுவில் நின்ற எனக்கு இரண்டு பேர் பேசுவதும் சுவர் வழியாக நன்றாகக் கேட்டது. போன் வழியாகத்தான் ஒருவருக்கும் கேட்கவில்லை. ஸ்பீக்கரில் போட்டுப் பார்த்தார்கள். அதே மௌனம். வேண்டுதல் பலித்துவிட்டது, அந்தப் போன்களைப் பற்றி மட்டுமல்ல, எதைப் பற்றியும் அவற்றில் யாராலும் ஒரு வார்த்தை சொல்ல முடியவில்லை.

மச்சான் என் காதோரம் வந்தார். "என்ன மாப்ள இது?"

"நெட்வொர்க்கா இருக்கும் மச்சான்."

"நேத்து பேசுச்சுன்னீங்க."

"நேத்து பேசுச்சு."

"ராத்திரியில என்ன மாறுச்சு?"

"ஒண்ணுமே மாறல மச்சான்," என்றேன், சந்தன விரலோடு. (சத்தியமாக எனக்குத் தோன்றவே இல்லை. சாமி காரியத்தில் கோளாறு தேடுவேனா?)

ஒயரைப் பிடுங்கிச் செருகினேன். சர்வரை அணைத்துப் போட்டேன். எல்லாப் போன்களின் பதிவையும் அழித்து, முதலிலிருந்து ஏற்றினேன். போன்கள் ஒழுங்காக விழித்துக்கொண்டு, தங்கள் பெயரைத் திரையில் காட்டி, மறுபடி ஊமையாயின. மச்சான் வாசலுக்குப் போய்த் தங்கச்சிக்கு போன் போட ஆரம்பித்தார்.

அப்போது ஓர் ஆட்டோ வந்து நின்றது. கே.கே. நகரில் இருக்கும் ரிட்டயர்டு கண்டக்டர் ஒருவர், காதைப் பொத்திக்கொண்டு ஓடி வந்தார்.

"டாக்டரம்மா, காது போயிடுச்சும்மா. அப்பாயின்ட்மென்டுக்கு இங்க போன் போட்டேன். எடுத்தாங்க, ஒரு சத்தமும் வரல. இந்தக் காதுல வச்சேன், அந்தக் காதுல வச்சேன். ரெண்டும் அவுட்டு."

"நான் இப்ப பேசறது கேக்குதுங்களா?"

"கேக்குதேம்மா," என்றவர், தானே திகைத்துப்போனார்.

டாக்டர் அம்மா அவர் காதுக்குள் விளக்கடித்துப் பார்த்தார். "உங்க காதுல ஒண்ணுமில்ல. பேசுன பக்கம்தான் தொண்டை சரியில்ல போல," என்று சொல்லி, அதே விளக்கோடு மேசைப் போனின் ரிசீவரைத் திருப்பிப் பார்த்தார். பிறகு காதிலிருந்து குறும்பி எடுக்கும் கொக்கியால் மெல்ல நெம்பினார். காய்ந்த சந்தனம் ஒரு குச்சி மாதிரி முழுசாக வந்தது.

"குழந்தைங்க மூக்குலருந்து பட்டாணி எடுத்திருக்கேன், பல்பம் எடுத்திருக்கேன்," என்றார் டாக்டர் அம்மா. "போன் வாயிலருந்து சந்தனம் எடுக்கறது இதான் முதல் தடவை. யாரு வச்சது?"

கேட்டிருக்கவே வேண்டாம். என் நெற்றியில் இருந்த சந்தனமும் அதே நிறம்.

"ஏன் சார், குழின்னா மைக்குன்னு தெரியாதா?" என்றாள் மேரி.

"பொட்டு வைக்கிற எடம்னு நெனச்சேம்மா."

கண்டக்டர்தான் முதலில் சிரித்தார். தன் காது பிழைத்த சந்தோஷம் அவருக்கு. டாக்டர் அம்மா சிரிப்பை அடக்கிக்கொண்டு மச்சானைப் பார்த்தார். "கனெக்‌ஷன்ல ஒரு குறையும் இல்லைங்க. சர்வீசுக்கு இவரையே அனுப்புங்க. வரும்போது கையைக் கழுவிட்டு வரச் சொல்லுங்க."

அந்த ஒரு வார்த்தையில் என் வேலை நிலைத்தது. அன்று பகல் முழுவதும் ஒவ்வொரு போனின் வாயாகத் தோண்டினேன். கொக்கியைக் கடன் கொடுத்த டாக்டர் அம்மா, நடுநடுவே வந்து, "வலிக்காம எடுங்க," என்றுவிட்டுப் போனார்.

இன்றைக்கும் எங்கள் வீட்டில் யாராவது கேட்டதற்குப் பதில் சொல்லாமல் நின்றால், ரங்கநாயகி விடமாட்டாள்: "ஏன் பேச்சக் காணும், அப்பா வந்து பொட்டு வச்சுட்டாரா?"

அது பரவாயில்லை. மருங்காபுரிச் சொந்தக்காரர்கள் சொல்வதுதான் தாங்கவில்லை. போன் மேல் தேங்காய் உடைத்தேனாம். அப்புறம் ஒரு கல்யாணத்தில் கேட்டபோது சர்வருக்குத் தீபாராதனை காட்டி, பாதி ஆஸ்பத்திரி எரிந்திருந்தது. ஆகவே இதைப் படித்தவர்களைக் கேட்டுக்கொள்கிறேன்: தாராளமாக நாலு பேரிடம் சொல்லுங்கள், சிரியுங்கள். ஆனால் இங்கே இருக்கிறபடியே சொல்லுங்கள். தேங்காய் இல்லை, தீபாராதனை இல்லை. வெறும் சந்தனம்தான். அதுவும் கலப்படமில்லாத, நானே இழைத்த நல்ல சந்தனம்.