பிரிட்ஜ் வாங்க உகந்த தேதி

அன்புள்ள மாப்பிள்ளை அவர்களுக்கு,

நீங்களும் மகளும் நலம் என்று எண்ணிக்கொள்கிறேன். நாங்கள் நலமா என்பதைக் கடிதத்தைப் படித்துவிட்டு நீங்களே முடிவு செய்துகொள்ளலாம்.

வரித்துறையில் இருக்கும் உங்களைத் தொந்தரவு செய்வது முறையா என்று நான்கு நாள் யோசித்துவிட்டுத்தான் எழுதுகிறேன். போனில் பேசினால் உங்கள் அத்தையின் காதில் விழும். பட்ஜெட்டுக்கு முந்தைய நாள் எங்கள் பிரிட்ஜ் நின்றுவிட்டது. பழுது பார்க்க வந்தவர் அதன் முதுகைத் தட்டிப் பார்த்துவிட்டுக் கூலிகூட வாங்காமல் போனார், அப்போதே புரிந்துவிட்டது. மறுநாள் வழக்கம்போல் நோட்டில் ‘ஏறும்’, ‘இறங்கும்’, ‘புரியவில்லை’ என்று மூன்று பத்தி பிரித்து நிதியமைச்சர் உரையைக் கேட்டேன். மூன்றாவதற்குக் கூடுதல் தாள் ஒட்ட வேண்டியதாயிற்று. ‘இறங்கும்’ பத்தியில் பிரிட்ஜ் இருந்தது, ஆனால் அடுத்த மாதம் முதல் தேதியிலிருந்து. அதுவரை பொறுக்கலாமே என்றேன்.

“அதுவரைக்கும் என் இன்சுலின எங்க வைக்கறதாம்? உங்க நோட்டுக்குள்ளயா?” என்றாள் உங்கள் அத்தை.

மாடி வீட்டுக்காரர் தம் பிரிட்ஜில் இடம் கொடுத்தார். காலையும் மாலையும் போய்க் கதவைத் தட்டுகிறேன். “வாங்க சார், இன்னிக்காவது இறங்கிச்சா?” என்று அவர் மனைவி சிரிக்கிறார். நேற்று பதற்றத்தில் அவர்கள் நாயின் காது மருந்தை எடுத்து வந்துவிட்டேன். நல்லவேளை, உங்கள் அத்தை எதையும் படித்துப் பார்க்காமல் போட்டுக்கொள்ள மாட்டாள், அதுவும் நான் கொடுத்தால். இப்போது அவர்கள் வெள்ளிக்கிழமை வீட்டைப் பூட்டிக்கொண்டு வெளியூர் போகிறார்கள். முதல் தேதிக்கு இன்னும் பதினொரு நாள். இன்றே வாங்கினால் நான் அவசரக்காரன். காத்திருந்து மருந்து கெட்டுப்போனால், மேலே எழுதக் கை வரவில்லை. கடைக்காரரைக் கேட்டேன். “கண்டிப்பா கொறையும் சார். ஆனா கொறையறதுக்கு முன்னாடி கொஞ்சம் ஏறும்” என்கிறார். இதை எந்தப் பத்தியில் எழுதுவது?

வாங்கலாமா, பொறுக்கலாமா என்று வியாழனுக்குள் தெரிவிக்க வேண்டுகிறேன்.

எல்லா நலனும் பெற்று, பழுதாகாத பொருட்களோடு நீடு வாழ ஆசீர்வதிக்கும்,
உங்கள் மாமனார்

பி.கு.: மேலே உள்ளதை அடித்துத் திருத்தி எழுத மூன்று மணி நேரம் ஆகிவிட்டது. அதற்குள் உங்கள் அத்தை கடைக்குப் போய்ப் பிரிட்ஜோடு வண்டியில் வந்து இறங்கிவிட்டாள். பழைய பிரிட்ஜ் இன்னும் அதன் இடத்தை விட்டு நகரவில்லை; பிளக் உள்ள மற்ற ஒரே மூலையில் என் மேசை இருப்பதால் இதை நின்றுகொண்டு எழுதுகிறேன். “சார், நீங்க கொஞ்சம் நகந்தா வேலை முடிஞ்சிரும்” என்கிறார் தூக்கி வந்தவர். ஆகவே பதில் வேண்டாம். முதல் தேதி விலை உண்மையிலேயே இறங்கினால், அதை மட்டும் தயவுசெய்து எனக்குச் சொல்லாதீர்கள்.