அக்காவைப் பெண் பார்க்க வந்த அன்று நான் இறக்கிய பிளைண்ட்ஸ்

‘தெரியாது’ என்று சொல்ல வாய் வராதவன் ஒருவன் இருந்தால், அந்த வீட்டுக்கு வேறு சனியன் தேவையில்லை. எங்கள் வீட்டில் அந்தப் பொறுப்பு என்னுடையது.

கோவில்பட்டியில் நாங்கள் வாடகைக்குப் போன வீட்டின் முன்னறை ஜன்னலில், துணித்திரைக்குப் பதில் பிளைண்ட்ஸ் தொங்கியது. அடுக்கடுக்காகப் பட்டைகள், ஒரு பக்கம் கயிறு, மறுபக்கம் திருகுகிற கோல். முன்பு குடியிருந்தவர்கள் அதை உச்சிவரை ஏற்றிவிட்டுப் போயிருந்தார்கள். நாங்கள் தொட்டதே இல்லை. (இன்ஜினியரிங் படிக்கிற பையன் இருக்கிறான், தேவைப்பட்டால் பார்த்துக்கொள்வான் என்று அப்பாவுக்கு நம்பிக்கை.)

செல்வி அக்காவைப் பெண் பார்க்க விளாத்திகுளத்திலிருந்து மாப்பிள்ளையும் அவர் வீட்டாரும் வந்த அன்று தேவைப்பட்டது. காபி கொடுத்துவிட்டு அடுக்களைக்கு வந்த அக்கா, “எனக்குச் சம்மதம்மா” என்றாள். அதுவரை எந்த வரனுக்கும் அவள் அப்படிச் சொன்னதில்லை.

அந்த நேரம் பார்த்து மாப்பிள்ளையின் அம்மா முகத்தில் மேற்கு வெயில் அடித்தது.

“தம்பி, கண்ணு கூசுது. அதக் கொஞ்சம் எறக்கி விடுதியா?”

“இந்தா அத்தை!” (சம்பந்தம் முடிவதற்குள் உறவு கொண்டாடிவிட்டேன்.)

கோலைத் திருகினேன், இறங்கவில்லை. கயிற்றை இழுத்தேன், இன்னும் இறுகியது. கயிற்றை ஓரமாகச் சாய்த்து இழுத்தால் மேலே உள்ள பூட்டு விட்டுக்கொடுக்கும் என்று இன்று தெரியும். அன்று தெரிந்ததெல்லாம் பலம்தான்.

“ஏலே, விட்ருல. நான் சேலையக் கட்டி மறைக்கேன்” என்றாள் அம்மா.

“எனக்குத் தெரியும், சும்மா இரிம்மா.”

ஆணியோடு மொத்தமும் பெயர்ந்து வந்தது. யாருக்கும் அடி படவில்லை. பட்டைகளுக்குள் குடித்தனம் நடத்திய பல்லி மட்டும் நேராகப் போய் மாப்பிள்ளையின் அம்மா உச்சந்தலையில் விழுந்தது.

பல்லி விழும் பலனைப் பார்க்க யாரும் காலண்டரைத் தேடவில்லை. (தலைக்கு என்ன பலன் என்று எல்லோருக்கும் மனப்பாடம்.) அந்த அம்மா எழுந்தார்.

“போயி தலை முழுகணும். போறோம்.”

‘வாரோம்’ என்று சொல்லவில்லை. சகுனம் சரியில்லை என்று மறுநாள் தரகர் வந்து சொன்னார். அக்கா பட்டைகளைப் பொறுக்கி வெளியே வைத்தாள். என்னைத் திட்டியிருக்கலாம்.

பிறகு தூத்துக்குடியில் அவளுக்குக் கல்யாணமாகி, நன்றாகத்தான் இருக்கிறாள். இன்றும் எங்கள் குடும்பத்தில் எங்கே சம்பந்தம் பேசப் போனாலும், “மொதல்ல இவன ஜன்னல விட்டுத் தள்ளி உக்கார வைங்க” என்பார்கள். கதையை ரசித்துச் சொல்வது அக்காதான். போன பொங்கலுக்கும் சொன்னாள். வயிறு வலிக்கச் சிரித்துக்கொண்டிருந்தபோது இடையில் ஒன்று சொன்னாள்.

“ஆளாளுக்கு வாரியலத் தூக்குனீங்க. அவியதான் அந்தப் பல்லிய அடிக்க விடாம, கையில பொத்திக் கொண்டு போயி வெளிய விட்டாவ. இளநீலச் சட்ட போட்டிருந்தாவ.”

எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. அந்த விளாத்திகுளத்து மாப்பிள்ளையின் முகத்தைக்கூட நான் அன்று சரியாகப் பார்க்கவில்லை. அக்கா பார்த்திருக்கிறாள்.