மொராக்கோ கோழியும் என் கன்னடமும்

கன்னடம் சுத்தமாகத் தெரியாதவர்கள் ஓசூரில் நிம்மதியாக வாழலாம். நன்றாகத் தெரிந்தவர்களும் வாழலாம். என்னை மாதிரி நாலு வார்த்தையைக் கற்றுக்கொண்டு, அதை எங்கே இறக்கலாம் என்று அலைகிறவர்களால்தான் குடும்பத்துக்கு ஆபத்து.

எனக்குச் சொந்த ஊர் விருதுநகர் பக்கம். குடியிருப்பது ஓசூர் மூக்கண்டப்பள்ளி. பக்கத்துத் தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனியில் தரப் பரிசோதனை வேலை. (அடுத்தவர் செய்த பொருளில் குறை கண்டுபிடிக்கச் சம்பளம். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.)

மாமனாருக்கு ஊத்தங்கரைப் பக்கம் விவசாயம். அவருக்குச் சுகர் ஏறிப்போய், சோற்றைக் குறைக்கச் சொன்னார் டாக்டர். மாமா சோற்றைக் குறைக்கவில்லை, டாக்டரிடம் போவதைக் குறைத்தார். காலில் ஒரு புண் ஆறாமல் இழுத்துக்கொண்டே போனது. என் மனைவி கவிதா பயந்துபோய், போனில் கெஞ்சி, அழுது, கடைசியில் சண்டை போட்டு அவரை எங்கள் வீட்டுக்கு வரவழைத்தாள்.

வந்ததும் வராததுமாக மாமா நிபந்தனை போட்டார். "இந்தா பாரு கவிதா. சோறில்லாம ஒருவேள வயிறாரத் தின்னுட்டேன்னா, அப்பறம் ராத்திரிச் சோத்த வுட்டுடறேன். இல்லன்னா காலைல மொத பஸ்ஸு, ஊட்டுக்குப் போயிடுவேன்."

"அந்த ஒருவேளையை நான் சமைக்கிறேன் மாமா" என்று ஒரு குரல் கேட்டது. என்னுடையதுதான்.

கம்பெனிப் பஸ்ஸில் போகும்போது பார்த்த ஒரு வீடியோதான் காரணம். மொராக்கோ மசாலாக் கோழி. கீழே அரிசிக்குப் பதில் துருவிய காலிஃபிளவர். சீரகம், மல்லி, சுக்கு, மஞ்சள், பட்டைப் பொடி, அவ்வளவுதான் மசாலா. அதிலும் பட்டை சுகரைக் குறைக்குமாம். லேசாக இனித்தால் பயப்பட வேண்டாம், அது பட்டையின் குணமாம். வீட்டில் பட்டைப் பொடி மட்டும் இல்லை.

தெருமுனைக் கடைக்காரர் எந்த மொழியில் கேட்டாலும் சாமான் தருவார். "பட்டைப் பொடி குடுங்கண்ணே" என்றிருந்தால் வேலை முடிந்தது. ஆனால் பட்டைக்குக் கன்னடத்தில் 'சக்கெ' என்று எனக்குத் தெரியுமே! சும்மா இருக்க முடியுமா?

"சக்கெ புடி கொடி அண்ணா" என்றேன் கம்பீரமாக. (அதை 'ச்சக்கெ' என்று அழுத்திச் சொல்ல வேண்டுமாம். பிற்பாடு தெரிந்தது.)

"வெள்ளையா, நாட்டா?"

கலப்படமில்லாதது நாட்டுதான் என்று நினைத்து, "நாட்டு" என்றேன். பழுப்பாக ஒரு பொடியைப் பொட்டலம் கட்டிக் கொடுத்தார். மோந்துகூடப் பார்க்கவில்லை நான், தரப் பரிசோதகன்.

ஒரு ஸ்பூன் போடச் சொன்னது வீடியோ. மருந்துதானே என்று பொட்டலத்தையே கவிழ்த்தேன். கோழி பளபளவென்று நிறம் கட்டியது. கவிதா ருசி பார்த்துவிட்டு, "என்னங்க, இனிக்குது?" என்றாள்.

"அது பட்டையோட குணம். மொராக்கோல அப்படித்தான்."

மாமா முதலில் ஒரு வாய் வைத்தார். அப்புறம் தலை நிமிரவே இல்லை. மூன்றாம் முறை தட்டை நீட்டி, "மாப்ள, இப்பிடி இருந்தா சோறு எதுக்குங்கறன்? வுட்டுட்டேன் போங்க!" என்றார். கவிதா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். கல்யாணமான நாளிலிருந்து அவள் என்னை அப்படிப் பெருமையாகப் பார்த்ததில்லை.

காலையில் மாமா விரலில் குத்திச் சுகர் பார்த்தாள். மெஷின் கெட்டுவிட்டதோ என்று இன்னொரு விரலில் குத்தினாள். பிறகு நேராக அடுப்படிக்குப் போய், காலிப் பொட்டலத்தை விரலால் தடவி நாக்கில் வைத்தாள்.

"என்னன்னு கேட்டு வாங்கனீங்க?"

"சக்கெ..."

"சக்கெ இல்லங்க, சக்கரை! நாட்டுச் சக்கரை! எங்கப்பாவுக்கு!" என்று சொல்லும்போதே அழுதுவிட்டாள். வெட்கத்தோடு டாக்டருக்குப் போன் போட்டேன். அவர் திட்டிய திட்டும் எனக்கு உறைக்கவில்லை. மாமா பஸ்ஸுக்குக் கிளம்பிவிடுவார், அவள் பட்ட பாடெல்லாம் என்னால் வீண் என்றுதான் நினைத்தேன்.

மாமா விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தார். "அதான பாத்தேன்! பூக்கோசு எங்கயாச்சும் அப்பிடி ருசிக்குமா?" பையை எடுத்தார். அதிலிருந்த வேட்டியை எடுத்துக் கொடியில் போட்டார். "இன்னிக்கு அது இல்லாம செய்யிங்க. நான் குடுத்த வாக்கு குடுத்ததுதான்."

அன்றைக்குச் செய்தது வாயில் வைக்க வழியில்லை. "மண்ணாட்டம் இருக்குது மாப்ள" என்று சொல்லிக்கொண்டே முழுசும் சாப்பிட்டார். இரவுச் சோற்றை அன்றோடு விட்டார். புண்ணும் மெல்ல ஆறியது.

போன மாதம் ஊத்தங்கரை பஸ் ஸ்டாண்டில் மாமாவோடு டீக்கடைக்குப் போனேன். "ரெண்டு டீ. ஒண்ணு மொராக்கோ இல்லாம" என்றார். டீ மாஸ்டர் கேள்வியே கேட்காமல் ஒரு கிளாஸில் மட்டும் சர்க்கரை போட்டு ஆற்றினார். அதை என்னிடம் நீட்டி, "நீங்கதானுங்களா அந்த மாப்ள?" என்றார்.