மனுதாரர் லிங்கேஸ்வரன்

பல் விளக்கிக்கொண்டே வாசலுக்கு வந்த லிங்கேஸ்வரனைத் தெருப் பெண்கள் நிறுத்தி வைத்து ஆரத்தி எடுத்தார்கள். தட்டைப் பிடித்திருந்தவள் எதிர்வீட்டு இசக்கியம்மாள்.

"கடைய மூட வச்சிட்டீகளே அண்ணே! பேப்பர்ல உங்க போட்டோ வந்திருக்கு!"

வாய் நிறைய நுரையோடு அவர் சிரிக்கப் பார்த்தார். மூடப்பட்டது அவர் தினமும் சாயங்காலம் போகிற கடை.

ராஜபாளையத்தில் அந்த மதுக்கடையை ஒட்டி பார் நடத்தியவர் பாண்டிதுரை. அவருடைய குத்தகை முடிந்ததும் அரசு மறுபடி ஏலம் விட்டது. விருதுநகர்க்காரர் ஒருவர் கூடுதலாகக் கேட்டு எடுத்துவிட்டார். ஏலத்துக்குத் தடை வாங்கினால், வழக்கு முடிகிற வரை தானே பாரை ஓட்டலாம் என்று பாண்டிதுரை நினைத்தார். ஆனால் ஏலத்தில் தோற்றவரே வழக்குப் போட்டால் கோர்ட்டில் எடுபடாது. பொதுஜனம் ஒருவர் வேண்டும் என்று அவர் மனைவிதான் எடுத்துக்கொடுத்தாள்.

"ஒரு கையெழுத்துத்தான் அண்ணாச்சி. பொறவு ஆயுசுக்கும் குடல் வறுவல் என் செலவு," என்றார் தன் நெடுநாள் வாடிக்கையாளரிடம்.

பேண்டேஜ் துணி மில்லில் சூபர்வைசரான லிங்கேஸ்வரன், அடுத்த தட்டு வருவதற்குள் கையெழுத்துப் போட்டுவிட்டார். பாரினால் குடும்பங்கள் சீரழிகின்றன, பெண்கள் தெருவில் நடக்க முடியவில்லை என்று வக்கீல் உருக்கமாக எழுதியிருந்தார். தம்ளரைக் கீழே வைத்துவிட்டு மனுவைப் படித்த லிங்கேஸ்வரனுக்கே கண் கலங்கியது.

மதுரையில் நீதிபதிக்கும் கலங்கியிருக்க வேண்டும். பாரே இவ்வளவு தொல்லை என்றால் கடை மட்டும் எதற்கு என்று கேட்டு, மறு உத்தரவு வரும்வரை இரண்டையும் பூட்டச் சொல்லிவிட்டார்.

பாண்டிதுரை போனில் கத்தினார். "ஏலத்தத்தான நிப்பாட்டச் சொன்னேன்? கடைய ஏம் மூட வச்சீய?"

"எழுதுனது உங்க வக்கீலுய்யா!"

"நீங்க கொஞ்சம் சாதாரண மூஞ்சியோட கோர்ட்ல நின்னுருக்கலாம்லா? அம்புட்டு சோகமாவா நிப்பீய?"

சாயங்காலம் ஆனதும் நாக்கு வறண்டது. லிங்கேஸ்வரன் ஸ்ரீவில்லிபுத்தூருக்கு பஸ் ஏறினார். அங்கே கம்பிக்குப் பின்னால் இருந்த விற்பனையாளர் அவரைக் கண்டதும் எழுந்து நின்றுவிட்டார்.

"ஐயா, எங்க கடை பள்ளிக்கூடத்துல இருந்து தள்ளித்தான் இருக்கு. வேணும்னா டேப்பு வச்சு அளந்துக்கோங்க."

"அதெல்லாம் வேண்டாம். ஒரு குவார்ட்டர் குடுங்க."

"பில்லு வாங்கி கோர்ட்ல காட்ட வந்திருக்காருடே!" என்று வரிசையில் ஒருவன் கூவினான். ஷட்டர் இறங்கியது. வரிசை மொத்தமும் அவரை பஸ் ஸ்டாண்டு வரை விரட்டிக்கொண்டு வந்தது.

அடுத்து வத்திராயிருப்பு. தலையில் துண்டைப் போட்டுக்கொண்டுதான் இறங்கினார். அப்படியும் மகளிர் குழுப் பெண்கள் அடையாளம் கண்டு, பொன்னாடை போர்த்தி, மதுவின் தீமை பற்றிப் பேசச் சொன்னார்கள். பேசினார். நன்றாகவே பேசினார். அதுதான் அவருக்கு வேதனை.

"வழக்க வாபஸ் வாங்கிருங்க அண்ணாச்சி," என்று பாண்டிதுரை கெஞ்சினார். "குடிக்கிறவனெல்லாம் என்னையத்தான் ஏசுதான். கடை திறந்தாப் போதும், பார எவன் வேணா எடுத்துக்கிடட்டும்."

லிங்கேஸ்வரனும் மதுரைக்கு ஓடி, நீதிபதி முன் கைகூப்பினார். கூப்பிய கை வெடவெடவென்று ஆடியது. சரக்கு உள்ளே போய் வெகுநாளாகியிருந்தது.

"யாராவது மிரட்டினார்களா?" என்றார் நீதிபதி.

"இல்லீங்கய்யா."

"பின்னே கை ஏன் இப்படி நடுங்குகிறது?"

அத்தனை பேர் முன்னால் அதற்கு உண்மையைச் சொல்ல அவரால் முடியவில்லை. தலையைக் குனிந்துகொண்டார். "பயப்படாதீர்கள்," என்ற நீதிபதி, வாபஸை ஏற்க மறுத்து, மனுதாரருக்குப் போலீஸ் பாதுகாப்பும் கொடுத்துவிட்டார்.

அப்படி வந்து சேர்ந்தவர்தான் கான்ஸ்டபிள் பாண்டிச்செல்வம். மில்லுக்கும் வந்தார், சலூனுக்கும் வந்தார். "செத்த நேரம் தனியா நடந்துட்டு வாரேன்," என்றால், "நானும் வாரேன் சார்," என்று செருப்பை மாட்டினார்.

வேறு வழியில்லாமல் லிங்கேஸ்வரன் வேளைக்குச் சாப்பிட்டார், வேளைக்குத் தூங்கினார். மாதங்கள் போயின. கை நடுக்கம் நின்றது. முகத்தில் தெளிவு வந்தது. மில் முதலாளி சம்பளத்தை உயர்த்தினார். இப்படி ஒரு சோதனை யாருக்கும் வரக்கூடாது என்று அவருக்குத் தோன்றியது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, அடுப்படியில் கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்த மனைவி கனகலட்சுமியிடம் பொருமிவிட்டார்.

"எல்லாம் அந்தப் பாண்டிதுரை போட்ட திட்டம். என்னைய நல்லாச் சிக்க வச்சிட்டான். அவன் மூளை இருக்கே, லேசுப்பட்டதில்ல!"

"அவுகளுக்கு அம்புட்டு மூளையா இருக்கு?" என்றாள் கனகலட்சுமி, நிமிராமல்.

அப்போது வாசலில் இருந்தே இசக்கியம்மாளின் குரல் வந்தது.

"ஏட்டி கனகு! ஸ்ரீவில்லிபுத்தூர் கடைப் பாருக்கும் ஏலம் வருதாம். போன தடவ உம் புருசனக் கையெழுத்துப் போட வச்சோம்லா, இந்தத் தடவ தன் புருசனப் போட வைக்கட்டுமான்னு பாண்டிதுரை பொண்டாட்டி கேக்கா!"