ஹார்பின் பெரியவர் கேட்டுக்கொண்டிருக்கிறார்

தங்கச்சி யுன், நான் உன் அண்ணன் பான் ஷிலின். வயது இருபத்திரண்டு. டோங்குவானில் மின்விசிறித் தொழிற்சாலை விடுதியின் மேல்கட்டிலில் படுத்திருக்கிறேன். எண் புதிது. பழைய போன் துணி ஊறவைத்த வாளியில் விழுந்துவிட்டது. யாரோ ஏமாற்றுக்காரன் என்று அழித்துவிடாதே. குளிரில் விரல் விறைத்துக் கிடக்கிறது, அதனால் பேசுகிறேன், போன் எழுதிக்கொள்கிறது. அம்மாவுக்கு வாசித்துக் காட்டு. அப்பா பக்கத்தில் இருந்தால் முதலில் எழுந்து வெளியே போய்விடு.

அப்பா என்னோடு பேசுவதில்லை என்பது உனக்குத் தெரியும். தொழிற்சாலைப் பேருந்து வந்த நாளிலேயே நம் ஊர்க் கால்பந்து அணியின் பெரிய ஆட்டமும் வந்தது யார் குற்றமும் இல்லை. நான் கிளம்பியது அவருக்குத் தெரியும். தெரிந்தும், மைதானத்தில் மைக்கைப் பிடித்து அணியை வாசிக்கும்போது "பான் ஷிலின்" என்று மூன்று முறை கூப்பிட்டார். நான் பேருந்தில் உட்கார்ந்து போனில் அந்த நேரலையைத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன். என்னை அறியாமல் "இங்க இருக்கேன்" என்று சொல்லிவிட்டேன். பக்கத்து சீட்டுக்காரர் பையை மடிக்கு இழுத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு அவர் வாயில் என் பெயர் வரவில்லை. நான் போன் செய்தால் அம்மாவிடம் கொடுத்துவிட்டு வாத்துகளைப் பார்க்கப் போய்விடுவார். அவர் வர்ணனை சொல்லும் சனிக்கிழமை மதிய ஆட்டத்தின் நேரலையில் மட்டும்தான் அவர் குரல் எனக்குக் கிடைக்கும். மழையில் கேமரா கெட்டுப்போய் வெறும் சத்தம் மட்டும் வர ஆரம்பித்தபோதுகூட எனக்கு வருத்தமில்லை. எனக்கு வேண்டியது சத்தம்தானே. தொப்பிக்குள் இயர்போனை ஒரு காதில் மட்டும் மாட்டிக்கொண்டு மின்விசிறிகளைப் பெட்டியில் அடைப்பேன்.

கேட்பதோடு நிறுத்தியிருக்கலாம். ஒரு நாள் அவருக்குத் தொண்டை கட்டியிருந்தது. யாராவது நாலு நல்ல வார்த்தை சொல்லக் கூடாதா என்று தோன்றியது. சொந்தப் பெயரில் எழுதினால் பேச்சையே நிறுத்திவிடுவாரோ என்று பயம். அதனால் 'ஹார்பின் பெரியவர்' என்று புதுக் கணக்குத் தொடங்கி, வர்ணனை பிரமாதம் என்று நேரலைக்குக் கீழே எழுதினேன்.

அதை வாசித்ததும் அப்பா ஆட்டத்தையே மறந்துவிட்டார். வடக்கே அவ்வளவு தூரத்திலிருந்து ஒரு பெரியவர் கேட்கிறாராம், நம் ஊருக்கே கௌரவமாம். அங்கே பனி எப்படி, சாப்பிட்டாரா, பிள்ளைகள் கவனிக்கிறார்களா என்று மைக்கிலேயே விசாரித்தார். அதற்குள் எதிரணி மேல்வயல்காரர்கள் ஒரு கோல் போட்டுவிட்டார்கள். அதைக்கூட அப்புறம்தான் சொன்னார்.

அன்று முதல் சனிக்கிழமை காலையில் ஹார்பின் வானிலையைப் பார்த்துவிட்டுத்தான் வேலைக்குப் போவேன். அப்பா என்னிடம் பிறந்ததிலிருந்து பேசியதைவிட அந்தப் பெரியவரிடம் அதிகம் பேசினார். எனக்கு அந்த ஆள் மேல் பொறாமையாகக்கூட இருந்தது.

பிறகு நானே சொதப்பினேன். நம் ஆள்கள் பந்தைக் குளத்து மூலைப் பக்கமாகவே கொண்டுபோனார்கள். பொறுக்க முடியாமல், 'அந்த மூலைக்கு அடிக்காதீர்கள், மண் சரிவு, பந்து வாத்துக் குளத்தில்தான் போய் விழும்' என்று பெரியவர் பெயரிலேயே எழுதிவிட்டேன்.

மைதானத்து மேளம் மட்டும் கேட்டது.

"ஹார்பின் ஐயாவுக்குக் கண்ணு ரொம்ப கூர்மை. கேமரா இல்லாமலே குளம் தெரியுது" என்றார் அப்பா.

எனக்கு வியர்த்துவிட்டது. போன வருடம் சுற்றுலா வந்தேன், அந்த மூலையில்தான் விழுந்து முழங்காலை உடைத்துக்கொண்டேன் என்று எழுதினேன். உடனே அப்பா முழங்காலுக்குத் தைலம் அனுப்ப முகவரி கேட்டார். ஹார்பின் முகவரிக்கு நான் எங்கே போவேன்? என் மருமகன் டோங்குவானில் வேலை செய்கிறான், அவனுக்கு அனுப்புங்கள் என்று இந்தத் தொழிற்சாலை முகவரியையே கொடுத்துத் தொலைத்தேன்.

பார்சல் வந்தது. தைலம், அம்மா போட்ட புளிமீன், அதற்கு அடியில் என் நீல ஸ்வெட்டர். அம்மா எனக்காகப் பின்னியது. முகம் தெரியாத ஒரு கிழவருக்கு என் ஸ்வெட்டரையே எடுத்துக் கொடுத்துவிட்டாரே, இனி வீட்டில் எனக்கு ஒன்றும் இல்லை போலிருக்கிறது என்று குளியலறையில் போய் அழுதேன். யுன், நீயாவது தடுத்திருக்கலாமே என்று உன் மேலும் கோபம். அழுதுகொண்டே போட்டுப் பார்த்தேன். கை நீளம்கூடச் சரியாக இருந்தது.

இந்தக் கிழவரை ஒழித்தால்தான் எனக்கு விடிவு என்று முடிவு செய்தேன். உடம்பு முடியவில்லை, ஆஸ்பத்திரியில் சேர்கிறேன், இனி கேட்க முடியாது என்று எழுதினேன். அப்பா அங்கேயே ஆட்டத்தை நிறுத்தச் சொல்லி, பெரியவருக்காக எல்லாரும் எழுந்து நிற்கும்படி கேட்டுக்கொண்டார். ஒரு சத்தமும் இல்லை. தூரத்தில் ஒரு வாத்து மட்டும் கத்தியது.

அந்த நிசப்தத்தில்தான் எங்கள் மேற்பார்வையாளர் ஹே அக்கா என்னைப் பிடித்தார். கையில் பாதி அடைத்த பெட்டியோடு, கண்ணில் தண்ணீரோடு நான் நின்றிருந்தேன். தொப்பியைத் தூக்கி, காதிலிருந்ததை உருவித் தன் காதில் வைத்துக்கொண்டார். நான் பயந்துபோய், சொந்தக்காரப் பெரியவர் ஒருவர் சாகக் கிடக்கிறார் என்றேன். அதில் பாதி உண்மை.

"யாருடா இந்த ஆளு? இப்படி ஒரு குரலா?" என்றார் ஹே அக்கா.

அடுத்த வாரம் தன் போனிலும் அதே நேரலையை வைத்துக்கொண்டார். பெரியவர் பிழைத்தாரா என்று தினமும் என்னைக் கேட்டார். வேறு வழியில்லாமல் கிழவரைப் பிழைக்க வைத்தேன். அப்பா சந்தோஷத்தில் நம் அணிக்கு அடுத்தடுத்து மூன்று கோல் சொன்னார். கேட்பவர்கள் எண்ணிக்கை திரையில் இரண்டு என்று காட்டியது. முன்பெல்லாம் ஆயிரக்கணக்கில் இருக்கும். செயலியில் ஏதோ கோளாறு என்று நினைத்தேன்.

போன சனிக்கிழமை அவசர ஆர்டர். எல்லாரையும் உற்சாகமாக வைக்க ஹே அக்கா நேரலையைக் கூடத்து ஒலிபெருக்கியிலேயே போட்டுவிட்டார். ஹுனான்காரர்கள், சிச்சுவான்காரர்கள் எல்லாம் நம் ஊர் கோல்கீப்பர் தாஷானுக்குக் கைதட்டிக்கொண்டே பெட்டி ஒட்டினார்கள். அப்பா உச்சக் குரலில் இருந்தார். தாஷான் வலப்பக்கம் பாய்ந்தானாம், விரல் நுனியால் பந்தைத் தட்டிவிட்டானாம், மனிதனே இல்லையாம், பருந்தாம்.

அப்போது புது ஆள்களை உள்ளே கூட்டி வந்தார்கள். முதலில் நின்றவன் கையில் பிளாஸ்டிக் வாளி, தோளில் மூட்டை. தாஷான்.

கொஞ்சம் குண்டாகியிருந்தான். என்னைப் பார்த்து வாளியைத் தூக்கி ஆட்டினான்.

"நீ இங்க இருக்கியே, அப்ப அங்க கோல்ல யாரு?" என்றேன்.

"எந்த கோல்ல?"

மேலே ஒலிபெருக்கியைக் காட்டினேன். தான் இன்னொரு முறை பாய்வதை அவன் வாயைப் பிளந்துகொண்டு கேட்டான். பிறகு வாளியைக் கவிழ்த்து அதன் மேல் உட்கார்ந்தான்.

"பெரியப்பா இன்னும் விடலையா? சீசன்தான் எப்பவோ முடிஞ்சு போச்சே. ஆடுனவன்ல பாதிப் பேரு வேலைக்குக் கிளம்பியாச்சு. மைதானத்துல முள்ளங்கி காயுது."

"மேளம் கேக்குதே?"

"அது உன் தங்கச்சி."

ஹே அக்கா ஒலிபெருக்கியையும் அவனையும் மாறி மாறிப் பார்த்தார். "அப்ப யாருடா ஜெயிக்கிறா?" என்று கேட்டார்.

நான் தாஷானிடம் கேட்டேன். ஆட்டமே இல்லையென்றால் அப்பா ஏன் இந்தக் குளிரில் வெறும் மைதானத்தில் போய் உட்கார்ந்து கத்த வேண்டும் என்று.

"நானும் அதான் சொன்னேன், வீட்டுக்குள்ள உக்காந்தே சொல்லலாமே பெரியப்பான்னு. அதுக்கு அவரு, 'வீட்டுக்குள்ள பேசுனா எதிரொலிக்கும்டா, எம் பையன் ஷிலின் கண்டுபுடிச்சிருவான்'னுட்டாரு."

யுன், இந்தச் சனிக்கிழமை ஏதாவது சாக்குச் சொல்லி அப்பாவை வீட்டுக்குள்ளேயே உட்காரவைத்து ஆட்டத்தை நடத்து. எதிரொலி எனக்குக் கேட்காது.